கோபுரத்துக்கு முதுகு காட்டின வீடு

இல்லம்மா, மழைக்கு இல்ல. மழை வரலைன்னு எனக்கும் தெரியுது. குடைய மடக்கி இப்படி உசரத் தூக்கிப் பிடிச்சாத்தான் அவரு கண்ணுல படும். கூட்டத்துல தவறிப் போனா குடையப் பாத்து வரணும்னு பேசி வெச்சிருக்கோம். வழிகாட்டிங்க எல்லாரும் இப்படித்தானே செய்யறாங்க. அதோ அந்தப் பொண்ணு மஞ்சக் கொடியத் தூக்கிட்டுப் போகுது பாருங்க, பின்னாலயே ஒரு மந்தை போகுது. எனக்கு ஒரே ஒரு ஆடு. அதுவும் சொன்ன பேச்சு கேக்காது.

அவருதான், சாம்பல் தொப்பி போட்டிருக்காரே, இரும்புக் கோபுரத்தோட காலுகிட்ட நிக்கறாரே, அவரு. கொஞ்சம் கண்ணு வெச்சுக்குங்க, நீங்க என்னவிட உசரம். வரிசைய விட்டு நான் நகர முடியாது. நகர்ந்தா பின்னாடி நிக்கற இந்தப் பாரிஸ்காரரு என்னைத் திரும்ப உள்ள விடமாட்டாரு, மூஞ்சிய பாருங்க. நாங்க அப்படித்தான், புருஷனை விட்டாலும் விடுவோம், வரிசைய விடமாட்டோம்.

ப்ரெஸ்டா உங்க ஊரு? அதான பாத்தேன். ப்ரெஸ்ட்காரங்களுக்குக் குடைன்னா மழை மட்டுந்தான் ஞாபகம் வரும். தப்பா எடுத்துக்காதீங்க, நானே லிமோழ் பக்கத்துலேருந்து வாக்கப்பட்டு வந்தவதான். உங்க வீட்டுக்காரரும் பிள்ளைங்களும் எங்க? வாஃபிள் வாங்கவா? வரட்டும், மெதுவா வரட்டும். இந்த வரிசை எங்கயும் ஓடிப்போகாது.

எனக்குத்தான் அவசரம். நாலு மணிக்கு அந்தப் பக்கம் ஆத்தங்கரையில அவருக்கு வண்டி வந்து நிக்கும். அதுக்குள்ள மேல ஏத்தி, காட்டி, இறக்கிடணும். ஆமா, இன்னைக்குக் கிளம்பறாரு. அவருக்கு இன்னொரு நாள் கிடையாது. மேல கூட்டிட்டுப் போறேன்னு வாயக் கொடுத்துட்டேன், பாக்காம கிளம்பினாருன்னா என்னால தாங்க முடியாது. அவ்வளவுதான் விஷயம். மத்ததெல்லாம் சும்மா பேச்சு.

வழிகாட்டிதான். கொஞ்ச நாளாத்தான். எழுபது தாண்டினப்புறம் புது வேலை, சிரிக்காதீங்க. கோபுரத்தப் பத்தி நான் சொல்றதெல்லாம் படிச்சு மனப்பாடம் பண்ணினது. ஒரு புஸ்தகம் வாங்கினேன், குழந்தைங்களுக்குப் போட்டது, படம் நிறைய இருக்கும். புரட்சி நடந்து நூறு வருஷம் ஆச்சுன்னு பெரிய பொருட்காட்சி வெச்சாங்க, அதுக்கு வாசல் மாதிரி இதைக் கட்டினாங்க. இருபது வருஷம் நிக்கட்டும், அப்புறம் கழட்டிடலாம்னுதான் அனுமதி. ஊருல படிச்ச பெரிய மனுஷங்க எல்லாம் கையெழுத்துப் போட்டுத் திட்டினாங்க, அசிங்கமா இருக்குன்னு. கழட்டற நேரம் வந்தப்ப கம்பியில்லாத் தந்திக்கு இதைவிட உசரமான கம்பம் கிடைக்காதுன்னு விட்டுட்டாங்க. அப்புறம் சண்டையில ஜெர்மன்காரன் ஊருக்குள்ள வந்தப்ப லிஃப்ட் கம்பிய அறுத்து விட்டுட்டாங்களாம். கொடி ஏத்தணும்னா படியேறிப் போடான்னு. அதைச் சொன்னா அவரு குலுங்கிக் குலுங்கிச் சிரிப்பாரு.

அதைவிட அவருக்குப் பிடிச்சது அந்தத் திருட்டுப் பயல் கதை. உங்களுக்குத் தெரியாதா? ஒருத்தன் அரசாங்க அதிகாரி மாதிரி வேஷம் போட்டுட்டு வந்து, இதைப் பழைய இரும்புக்கு ஒரு வியாபாரிகிட்ட வித்துட்டான். வாங்கினவன் வெக்கப்பட்டுக்கிட்டு போலீசுக்கே போகல. அவன் திரும்ப வந்து இன்னொருத்தன்கிட்ட விக்கப் பாத்தான்.

வாங்கய்யா, வாங்க. இங்கதான் நிக்கறேன். இரும்புதான்யா, முழுக்க இரும்புதான். ஆமா, கழட்டறதாத்தான் இருந்தாங்க. இல்லய்யா, கழட்டல. வர்ணமா? கையாலதான், பிரஷ் வெச்சு ஆளுங்க தொங்கிக்கிட்டு அடிப்பாங்க. முடிக்கறதுக்குள்ள முதல்ல அடிச்ச இடம் மங்கிடும். இன்னும் கொஞ்ச நேரம் இருக்குய்யா, நீங்க சுத்திப் பாருங்க. குடை மேல ஒரு கண்ணு வெச்சுக்குங்க.

காலையிலேருந்து இதையே எத்தனை தடவை கேட்டாருன்னு எண்ணறத விட்டுட்டேன். ஒவ்வொரு தடவையும் புதுசாத்தான் ஆச்சரியப்படறாரு. அந்த வகையில எனக்கு நல்ல கிராக்கி.

எந்த ஊர்க்காரரா? இந்த ஊருதான். இதோ இந்தப் பக்கம் திரும்பினா சான் தொமினிக் தெரு, அங்க நாலாவது மாடியில பொறந்தாரு. அந்த மாடியிலதான் இன்னும் குடியிருக்கோம். ஆமா, குடியிருக்கோம்னுதான் சொன்னேன். அவரு என் வீட்டுக்காரரு. ரெஜிஸ். நான் ஓடில்.

வருத்தப்படாதீங்க. உங்க முகத்தப் பாத்தா நான்தான் உங்களுக்கு ஆறுதல் சொல்லணும் போல இருக்கு. எனக்கு ஒண்ணும் இல்ல. நிஜமாவே ஒண்ணும் இல்ல. பல்லு பிடுங்கறதுக்கு முன்னாடி ஊசி போடுவாங்கல்ல, ஒரு பக்கம் கன்னம் இருக்கறதே தெரியாதே, அப்படித்தான் இருக்கு. அதுபாட்டுக்கு இருக்கட்டும்.

ஆனா கூத்தக் கேளுங்க. அவரு குடும்பத்துல இந்தக் கோபுரத்துல ஒருத்தரும் ஏறினதில்ல. கொள்ளுத்தாத்தா காலத்துலேருந்து. ஏறக்கூடாதுன்னு சபதம். சிரிக்காதீங்க, சத்தியமா. அவங்க எல்லாம் கல்தச்சர் பரம்பரை. கொள்ளுத்தாத்தா நோத்ர்தாம் மாதா கோயில் பக்கத்துல ஏதோ வேலையில இருந்தாராம், இரும்புல இவ்வளவு உசரம் கட்டப் போறாங்கன்னு கேட்டதும் சாப்பாடு இறங்கலையாம். இங்கயும் கல்வேலைக்கு ஆளு எடுத்தாங்க. எதுக்கு? இந்த நாலு காலுக்கு அடியில வைக்கற கல்லுக்கு. அவரைக் கூப்பிட்டாங்களாம். அவரு சொன்னாராம், இரும்பு தலையில நிக்கும், கல்லு காலுக்குக் கீழ மிதிபடணுமா, அந்தக் கூலி எனக்கு வேண்டாம்னு. இருபது வருஷத்துல கழட்டுவாங்க, கழட்டற அன்னைக்குத்தான் அந்தப் பக்கம் போவேன்னு இருந்தாரு. கழட்டல. அந்தக் கோவத்தையே சொத்தா எழுதி வெச்சிட்டுச் செத்துட்டாரு.

அந்தச் சொத்துக்கு வாக்கப்பட்டவ நான். சாப்பாட்டு மேசையில ஜன்னலுக்கு எதிர்ப்பக்கம் நாற்காலியே கிடையாது. ஜன்னல் பூரா கோபுரம். வெளியூர்க்காரன் அதைப் பாக்க எங்கெங்கிருந்தோ வரான், எங்க வீட்டு ஆம்பளைங்க அதுக்கு முதுகைக் காட்டிக்கிட்டு சூப் குடிப்பாங்க. ஜூலை பதினாலாம் தேதி தேசிய நாளுக்கு வாணவேடிக்கை விடுவாங்கல்ல, ஊரே தெருவுல நிக்கும். நாங்க ஜன்னல் கதவெல்லாம் சாத்திட்டு சீட்டாடுவோம். அது டமால் டமால்னு வெடிக்கும், மாமனாரு சீட்டுலேருந்து தலையைத் தூக்காம, இடி இடிக்குது, மழை வரும்போலன்னு சொல்லுவாரு.

எங்க கல்யாண போட்டோவுல கோபுரத்தோட ஒரு காலு விழுந்துடுச்சு. அவ்வளவு பெரிய சாமான், இந்தப் பேட்டையில எங்க நின்னாலும் விழத்தான் செய்யும். மாமனாரு கத்தரிக்கோல எடுத்து அந்த ஓரத்தை நறுக்கிட்டாரு. கூடவே எங்க அக்காவும் பாதி போயிட்டா. இன்னைக்கும் அந்தப் படத்துல ஒரு கையும் பூச்செண்டும் மட்டும் நிக்குது. ஊருலேருந்து வர்றவங்களெல்லாம் யாரு இதுன்னு கேப்பாங்க.

நான் ஏன் தனியா போகலன்னா... போயிருக்கலாம். யாரும் என்னைக் கட்டிப் போடல. ஆனா பக்கத்துலயே இருக்கறதுக்கு ஒரு தொல்லை இருக்கு பாருங்க. கிணத்துத் தண்ணிய வெள்ளமா கொண்டு போகப் போகுதுன்னு விட்டுடுவோம். ஊருலேருந்து சொந்தக்காரங்க வந்தா இந்த அடிவாரம் வரைக்கும் கூட்டிட்டு வருவேன், அவங்க ஏறுவாங்க, நான் அதோ அந்தப் பெஞ்சுல உக்காந்து அவங்க கழட்டின கோட்டுங்களை மடியில வெச்சுக்கிட்டு இருப்பேன். இறங்கி வந்து எனக்கே கதை சொல்லுவாங்க, உங்க வீடு தெரிஞ்சுதுன்னு. ஒரு தடவை கல்யாணமான புதுசுல அவருகிட்ட கேட்டேன், போலாமான்னு. அவரு சண்டையெல்லாம் போடல. அப்பா இருக்கற வரைக்கும் வேண்டாம்னாரு. அப்பா போய்ச் சேர்ந்தப்புறம் அவருக்கே அது ஒட்டிக்கிச்சு. நானும் திரும்பக் கேக்கல.

அவரும் கல்லுவேலைதான். பழைய கோயிலுங்களோட முகப்பை எல்லாம் சரிபண்ற வேலை. சாரத்து மேல நின்னா எங்கிருந்தும் இது தெரியும், அவரு மறுபக்கமா திரும்பி நின்னு கொத்துவாராம், கூட வேலை செஞ்சவங்க கேலி பண்ணுவாங்க.

அப்புறம் ஒருநாள் காலையில. தரைய துடைக்கறதுக்காக நாற்காலியை எல்லாம் நான் இழுத்துப் போட்டிருந்தேன். அவரு எழுந்து வந்து கைக்குக் கிடைச்ச நாற்காலியில உக்காந்தாரு, ஜன்னலப் பாத்து. கையில ரொட்டி, அதுல பாதி வெண்ணெய் தடவினபடி. அப்படியே நின்னுடுச்சு கை. அது என்னதுன்னு கேட்டாரு. எவ்வளவு அழகா இருக்கு, யாரு கட்டினது, மேல ஏற விடுவாங்களான்னு கேட்டாரு.

நான் திரும்பி வாசப்பக்கம் பாத்தேன், மாமனாரு நிக்கறாரோன்னு. அப்படி ஒரு பயம். எனக்கு அப்ப அழுகை வந்திருக்கணும். வரல. பாலு பொங்குதேன்னு அடுப்பப் பாக்கப் போயிட்டேன்.

மறதி அதுக்கு முன்னாடியே இருந்துச்சும்மா. சாவி, தேதி, எதிர்வீட்டுக்காரன் பேரு. அதெல்லாம் எல்லாருக்கும்தான் போகுது. ஆனா அந்தக் கோவம் போகும்னு நான் நினைக்கல. அதுதான் கடைசியா போகும்னு இருந்தேன். அது முதல்லயே போயிடுச்சு, அதுக்கப்புறம் அவரு ஞாபகத்துலேருந்து நானும் போனேன்.

சொன்னேன், சொல்லாம இருப்பேனா. நான்தான் உங்க ஓடில், உங்க பொண்டாட்டின்னு சொன்னேன். அவரு மரியாதையா எழுந்திருச்சு, மன்னிக்கணும் மேடம், வீடு மாறி வந்துட்டேன்னு சொல்லிட்டு, தொப்பிய எடுத்துக்கிட்டு, வீட்டுச் செருப்போட தெருவுல இறங்கிட்டாரு. ஜனவரி மாசக் குளிர். ரொட்டிக்கடைக்காரம்மா பாத்து கையப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்தா. அப்படி மூணு நாலு தடவை ஆச்சு. நான் உண்மையச் சொல்லச் சொல்ல அவரு வீட்டை விட்டு ஓடிக்கிட்டே இருந்தாரு. அப்புறம் ஒருநாள் அவரே கேட்டாரு, நீங்கதான் வழிகாட்டியான்னு. எனக்கு அன்னைக்கு அலுப்பு. ஆமாய்யான்னுட்டேன். உடனே உக்காந்து சாப்பிட்டாரு பாருங்க, ரெண்டு தட்டு. பாரிஸ் ரொம்ப நல்லா இருக்குன்னாரு.

அன்னையிலேருந்து அப்படியே ஓடுது. ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணத்தப் பண்ணுன்னு சொல்லுவாங்க. எனக்கு அந்த ஆயிரமும் கல்யாணம் ஆகி அரை நூத்தாண்டுக்கு அப்புறம் வந்து சேர்ந்துச்சு. பரவாயில்ல, வழிகாட்டிகிட்ட அவரு நல்லா பேசறாரு. பொண்டாட்டிகிட்ட இவ்வளவு பேசினதில்ல.

என்ன, என்ன அறிவிக்கறாங்க? காத்தா? உச்சி மூடிட்டாங்களா. ரெண்டாவது தளம் வரைக்கும் விடறாங்கல்ல? விடறாங்க. அப்ப சரி. அவருகிட்ட நீங்க சொல்லிடாதீங்க. ரெண்டாவது தளத்தையே உச்சின்னு சொல்லிடறேன். இவ்வளவு பொய் சொன்னேன், இது ஒண்ணு கூட.

அதோ பாருங்க, நகரவே மாட்டேங்கறாரு. காலுக்கு அடியில இருக்கற அந்தக் கல்லத்தான் தடவிக்கிட்டு நிக்கறாரு. போன வாரமும் கூட்டிட்டு வந்தேன், சும்மா வெளியில சுத்திப் பாக்க, அப்பவும் இப்படித்தான். கோபுரத்தப் பாக்க வந்த ஆளு கல்லப் பாத்துக்கிட்டு நிக்கறாரு. கையால தடவிட்டு, நகத்தால கீறிப் பாத்துட்டு, என்னைக் கூப்பிட்டு, இது ஷாத்தோ லாந்தோன் குவாரிக் கல்லு, கொத்தினவன் கை சுத்தம்னு சொன்னாரு. வீட்டுக்குப் போய் அந்தக் குழந்தைங்க புஸ்தகத்துல பாத்தேன். அதே கல்லுதான்.

அப்ப மட்டும் எனக்குக் கோவம் வந்துச்சும்மா. பொய் சொல்லல, நல்லா கோவம் வந்துச்சு. என் முகம் தெரியல, கல்லு தெரியுது. அம்பத்து சொச்சம் வருஷம் இந்த முகத்தப் பாத்த மனுஷன். அன்னைக்கு வீட்டுக்கு வந்து கதவைப் பட்டுன்னு சாத்தினேன், தட்டை டொம்முன்னு வெச்சேன். அவரு பயந்துட்டாரு. மேடம், களைப்பா இருக்கீங்க, நாளைக்கு நான் தனியா சுத்திப் பாத்துக்கறேன், நீங்க ஓய்வு எடுங்கன்னாரு. அதோட அந்தக் கோவமும் போச்சு. அதுக்கப்புறம் ஒண்ணும் வரல.

நகருங்க, நகருங்க, முன்னாடி நகர்றாங்க. குடை தெரியுதான்னு பாருங்க. வராரா? வராரு. மெதுவா வரட்டும், கல்லு மேல கண்ண வெச்சுக்கிட்டே வராரு, விழாம இருந்தா சரி.

இல்லம்மா, ராத்திரி கோபுரத்துல விளக்கு மினுங்கறதுக்கெல்லாம் இருக்க முடியாது. சொன்னேன்ல, நாலு மணிக்கு வண்டி. எங்க பொண்ணு செவ்ரின் ஓட்டிட்டு வரா. அவ இறங்கி வந்து நிக்கமாட்டேன்னுட்டா. அவ அழுதுடுவா, யாரு இந்தப் பொண்ணு, ஏன் அழுவுதுன்னு அவரு கேப்பாரு, எதுக்கு வம்பு. பெட்டி முன்னாடியே போயிடுச்சு. இந்த வாரம் பூரா சட்டை, பனியன், காலுறைன்னு ஒவ்வொண்ணுலயும் பேரு தைச்சேன். அந்த முதியோர் இல்லத்துல அப்படித்தான் கேக்கறாங்க, சலவையில மாறிப் போகாம இருக்க. என்ன தைக்கறீங்கன்னு கேட்டாரு. ஹோட்டல்ல இது வழக்கம்யான்னு சொன்னேன்.

ஆமா, ஹோட்டல்னுதான் அவருகிட்ட சொல்லியிருக்கேன். ஊரு பாக்க வந்தவங்க கோபுரத்தப் பாத்து முடிச்சா ஹோட்டலுக்குத்தானே போவாங்க. தோட்டம் இருக்கு, நல்ல இடந்தான். வாசக்கதவு மட்டும் நம்பர் அடிச்சாத்தான் திறக்கும், அந்த நம்பரை உள்ள இருக்கறவங்களுக்குச் சொல்லமாட்டாங்க. போன மாசம் அவரு ஆத்துப் பாலத்துக் கைப்பிடிச் சுவர் மேல ஏறி நின்னு கல்லப் பாத்துக்கிட்டு இருந்தாரு. அதுக்கப்புறம் டாக்டரும் சொல்லிட்டாரு, செவ்ரினும் சொல்லிட்டா, நானும் சரின்னுட்டேன். நான்தான் கையெழுத்துப் போட்டேன்.

காலையில பஸ்ஸுல ஊரைச் சுத்திக் காட்டிட்டு வரும்போது கேட்டாரு, நீங்களும் அந்த ஹோட்டல்லதான் தங்குவீங்களான்னு. இல்லய்யா, வழிகாட்டிங்க அவங்கவங்க வீட்டுக்குப் போயிடுவோம்னேன். தலையாட்டினாரு. ரெண்டு நிறுத்தம் போச்சு. அப்புறம் மெதுவா என் பக்கம் சாஞ்சு, ரகசியம் மாதிரி சொல்றாரு, என் பொண்டாட்டிகிட்ட சொல்லாம வந்துட்டேன் மேடம், அவளுக்கு இது மேல ஏறணும்னு ரொம்ப நாளா ஆசைன்னு. உங்களுக்கு எப்படித் தெரியும், அவங்க சொன்னாங்களான்னு கேட்டேன். சொல்லமாட்டா, அவ பாத்திரம் கழுவும்போது திடீர்னு சத்தம் நின்னு போகும், அப்ப ஜன்னலப் பாக்கறான்னு அர்த்தம், நான் திரும்ப மாட்டேன், ஆனா அந்தச் சத்தம் நிக்கறது தினமும் என் காதுல விழும்னு சொல்றாரு.

அப்புறம் சொன்னாரு, அவ என்னைத் தேடிக்கிட்டு வந்தா நான் எந்த ஹோட்டல்ல இருக்கேன்னு மறக்காம சொல்லிடுங்கன்னு.

சொல்றேன்யான்னேன்.

லிஃப்ட் வந்துடுச்சு. நீங்க முதல்ல ஏறுங்கம்மா, நான் அவரைக் கையப் பிடிச்சு ஏத்திட்டு வரேன்.